கீழே விழுந்த காகிதம்

கயெத்தன் சோவா பதினொரு படங்களில் நடித்திருந்தார். வார்சா நகரில் அவரை ஒரு நாய்க்கும் தெரியாது. படங்கள் பேசாமல் ஓடிக்கொண்டிருந்த காலத்தில் அவருக்கு வாய்த்ததெல்லாம் கதவைத் திறந்துவிடும் வேலைக்காரன், சீட்டு மேஜையில் மூன்றாவது ஆள், சவப்பெட்டிக்குப் பின்னால் தொப்பியைக் கழற்றிக்கொண்டு நடக்கும் தூரத்து உறவினர். ஒரு படத்தில் சவமாகவே கிடந்தார்.

"அதுதான் உன் பெரிய வேஷம். முழுசா மூணு நிமிஷம் உன்னையே காட்டினாங்களே" என்பாள் மனைவி லெயோகாதியா.

பிறகு படம் பேச ஆரம்பித்தது. நாடக மேடையில் முப்பது வருஷம் தொண்டை கிழியப் பேசியவர்களுக்கு இனி நல்ல காலம்தான் என்று எல்லோரும் சொன்னார்கள். சோவாவும் நம்பினார். படக்காரர்களுக்கு வேண்டியிருந்ததோ பாட்டுப் பாடுகிறவர்களும், இடுப்பை ஆட்டுகிறவர்களும், கேளிக்கை அரங்குகளில் சிரிப்பு மூட்டுகிறவர்களும். ஐம்பத்து நாலு வயதில், காதில் மயிர் முளைத்த ஆளை எவன் கூப்பிடுவான்? மூன்று வருஷம் அவர் தினமும் நடிகர்கள் கூடும் ஒரு காப்பிக்கடைக்குப் போய், ஒரு கண்ணாடி டம்ளர் தேநீரை மதியம் முழுக்கக் குடித்துவிட்டு வந்தார். மழையோ பனியோ, அந்தப் போக்குவரத்து நின்றதில்லை. எங்கள் நடிகர்களில் பாதிப் பேர் வீட்டில் டெலிபோன் கிடையாது. ஸ்டுடியோக்காரர்கள் காப்பிக்கடைக்குத்தான் போன் செய்வார்கள். வாசலில் கோட்டு வாங்கி மாட்டும் மெலானியா அம்மாள் சேதியைக் கேட்டு, உரியவரிடம் சேர்ப்பாள். அந்த நேரத்தில் உரியவர் அங்கே இல்லாவிட்டால் வேஷம் வேறொருவருக்குப் போய்விடும். அங்கே போகாமல் இருந்தவன் பட்டினி கிடந்தான் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

நவம்பரில் ஒரு நாள், ஈரக் கோட்டை அவர் நீட்டியபோது மெலானியா அம்மாள் அதை வாங்காமல் சிரித்தாள்.

"திரும்பப் போட்டுக்கங்க சோவா ஐயா. உங்களுக்குப் போன் வந்துச்சு."

"எனக்கா? நல்லாக் கேட்டீங்களா?"

"ஆந்தைன்னு பேரு வெச்சவர் இந்தக் கடையில வேற யாரு இருக்கா? டைரக்டர் சுலிமா ஆபீஸ்லேருந்து. வியாழக்கிழமை காலை ஷூட்டிங். வசனம் இருக்காம்."

சோவா என்றால் ஆந்தை. அந்தப் பெயரை வைத்துக்கொண்டு அவர் பட்ட கேலி கொஞ்சநஞ்சமில்லை. அன்றைக்கு அதுகூட இனித்தது.

வசனம் இரண்டே வாக்கியம். பண்ணை வீட்டுக் காரியஸ்தர் வேஷம். போருக்குப் போன மகனை அழைத்துவரப் பனிச்சறுக்கு வண்டியைப் பூட்டித் தயாராக நிறுத்தியிருக்கிறாள் சீமாட்டி. காரியஸ்தர் கையில் கடிதத்தோடு உள்ளே வந்து சொல்ல வேண்டும்: "சீமாட்டி, சின்ன எஜமான் இனி வரமாட்டார். வண்டியைத் திரும்பிப் போகச் சொல்லட்டுமா?" அவ்வளவுதான்.

ப்ராகா பேட்டையில், ஆற்றுக்கு அக்கரையில், மூன்றாம் மாடியில் அவர்கள் வீடு. சோவா படியேறி வந்த வேகத்திலேயே லெயோகாதியா விஷயத்தைப் புரிந்துகொண்டாள்.

"படியை இரண்டு இரண்டா தாண்டி வர்றே. வேஷமா, இல்ல போலீஸ் துரத்துதா?"

"வசனம் லோஜா! பேசுற வசனம்!" லெயோகாதியாவை அவர் லோஜா என்றுதான் கூப்பிடுவார்.

அவள் பீட்ரூட் நறுக்கிக்கொண்டிருந்தாள். கண்ணால் அல்ல, விரலால் தடவிப் பார்த்துப் பார்த்து. கத்தியைக் கீழே வைத்துவிட்டு, சிவந்த கைகளை முகத்தில் பொத்திக்கொண்டாள். கன்னமெல்லாம் சாறு.

அவளைப் பற்றிச் சொல்ல வேண்டும். லுப்ளின், ராதோம், கியெல்ட்சே என்று ஊர் ஊராக மூட்டை கட்டிய நாடகக் கம்பெனியில் இருபத்தெட்டு வருஷம் வசனம் எடுத்துக் கொடுத்தவள் அவள். மேடையின் முன்விளிம்பில் ஒரு குழி இருக்கும், மேலே மரக்கூடு. அதற்குள் மெழுகுவர்த்தியும் பிரதியுமாக உட்கார்ந்துகொண்டு, நடிகன் தடுமாறுவதற்கு முன்பே அடுத்த சொல்லை உதட்டால் ஊத வேண்டும். ஜனங்களுக்குக் கேட்கக் கூடாது, நடிகனுக்குக் கேட்க வேண்டும். அந்தக் குழியிலிருந்து பார்த்தால் நடிகனின் முகம் தெரியாது, பூட்ஸ்தான் தெரியும். கயெத்தன் சோவாவை அவள் காதலித்தது பூட்ஸ் சத்தத்தை வைத்துத்தான் என்று கம்பெனியில் கிண்டல் செய்வார்கள். பொய்யில்லை.

இப்போது அவள் கண்ணில் நீரழுத்தம். முதலில் பார்வையின் இரண்டு ஓரமும் போயின. அந்தக் குளிர்காலத்தில் அவளுக்கு உலகம் சாவித்துவாரம் வழியாகத் தெரிகிற அளவுக்குச் சுருங்கியிருந்தது.

"படம் ஊமையா இருந்தப்போ எனக்குக் கண் இருந்துச்சு" என்றாள் அன்று சூப் கிண்ணத்துக்கு எதிரே உட்கார்ந்து. "இப்போ கண் போகுது, படம் பேசுது. ஆண்டவர் ஏதோ கணக்கு வெச்சிருக்கார் போல."

"உனக்கு என் குரல் புதுசா? தினம் தினம் கேட்டுச் சலிச்சுப்போனதுதானே."

"எங்கே கேட்டேன்? குழிக்குள்ள உக்காந்து, இவன் எப்போ மறப்பான், எங்கே தடுக்குவான்னு பயந்துக்கிட்டே இருந்தேன். நீ வாயைத் திறக்கும்போது என் மனசு அடுத்த வரியில இருக்கும். ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, டிக்கெட் வாங்கி ஜனங்களோட ஜனமா உக்காந்து, அடுத்தது என்னன்னு கவலைப்படாம உன் குரலைக் கேக்கணும் கயெத்தன். அது போதும். அப்புறம் இருட்டினா இருட்டட்டும்."

சோவா இன்னொரு கரண்டி சூப் ஊற்றிக்கொண்டார். அதற்கப்புறம் அந்த இரண்டு வாக்கியத்தை அவர் என்ன பாடுபடுத்தினார் என்பது மூன்றாம் மாடிக்கே தெரியும். சமையலறையில், கழிவறையில், கரி மூட்டையைத் தூக்கி வரும்போது. "‘வரமாட்டார்’ல அழாதே. காரியஸ்தன் அழமாட்டான். அவன் வண்டியைப் பத்தி யோசிக்கிறவன்" என்று அவள் திருத்துவாள். அது சரியான திருத்தம்தான். அவள் எப்போதும் சரியாகத்தான் திருத்துவாள்.

வியாழக்கிழமை காலை ஏழு மணிக்கு சோவா ஸ்டுடியோவுக்குப் போனார். பழைய குதிரைலாயம் அது. சத்தம் எதிரொலிக்கக் கூடாதென்று சுவரெல்லாம் கம்பளி தொங்கவிட்டிருந்தார்கள். காமிராவின் இரைச்சல் பதியாமலிருக்க அதை ஒரு பெட்டிக்குள் அடைத்து வைத்திருந்தார்கள். ஆள் உள்ளே போனால் வேர்த்து ஊற்றியபடி வெளியே வருவான். மைக்கைப் பூச்சாடிக்குள் ஒளித்து வைத்திருந்தார்கள். எல்லோரும் கோயிலில் நடப்பதுபோல் நுனிக்காலில் நடந்தார்கள். ஜெர்மனியில் படித்துவிட்டு வந்த ஒலிப்பதிவாளர் காதில் ஒலி கேட்கும் குமிழை மாட்டிக்கொண்டு, தும்மல் போட்டவர்களையெல்லாம் முறைத்தார்.

கையில் வைத்துக்கொள்ள வேண்டிய கடிதம் இல்லை. சாமான்கள் பொறுப்பாளர் மறந்துவிட்டார்.

"ஏதாவது தாளை மடிச்சு வெச்சுக்கங்க ஆந்தையாரே. காமிராவுக்கு என்ன படிக்கத் தெரியுமா?" என்றார் டைரக்டர் சுலிமா. கொட்டாவி விட்டபடி வேலை செய்தாலும் வேலை தெரிந்த மனிதர்.

சோவா தன் வசனத் தாளையே நாலாக மடித்துக் கையில் பிடித்துக்கொண்டார். விளக்குகள் எரிந்தன. மணி அடித்தது. அவர் கதவைத் திறந்துகொண்டு வந்தார், நாலடி நடந்தார், சீமாட்டியின் முன்னால் நின்றார், வாயைத் திறக்கப் போனார். விரல் வியர்த்திருந்தது. தாள் நழுவிக் கீழே விழுந்தது.

எங்கள் நாடகக்காரர்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. வசனத் தாள் கீழே விழுந்தால் அப்படியே குனிந்து எடுக்கக் கூடாது. முதலில் காலால் ஓங்கி ஒரு மிதி மிதிக்க வேண்டும், பிறகுதான் எடுக்கலாம். மிதிக்காமல் எடுத்தால் நாடகம் படுத்துவிடும். இதை யாரும் யோசித்துச் செய்வதில்லை. தூசு விழுந்தால் கண் மூடிக்கொள்வதுபோல் அது தானாக நடக்கும். விழுந்தது வெறும் கடிதமாக இருந்திருந்தால் சோவாவின் கால் சும்மா இருந்திருக்கும். விழுந்தது வசனத் தாள். முப்பது வருஷப் பழக்கம் பூட்ஸுக்குள் இறங்கி, ‘தொம்’ என்று ஒரு மிதி. அப்புறம் காமிராவுக்கு முதுகைக் காட்டிக் குனிந்து, "அடச் சே!" என்று முணுமுணுத்தபடி தாளை எடுத்தார்.

ஒலிப்பதிவாளர் குமிழைப் பிடுங்கி எறிந்துவிட்டு ஓடி வந்தார்.

"யாருய்யா அது, குண்டு போட்டது? என் காது கிழிஞ்சுபோச்சு! இது என்ன நாடகக் கொட்டகையா?"

"மன்னிச்சுக்கங்க ஐயா, கை நழுவிடுச்சு. விழுந்துச்சுன்னா மிதிக்கணுமில்லையா..."

"எதுக்கு மிதிக்கணும்?"

சீமாட்டி வேஷக்கார அம்மாள்தான், அவளும் மேடையில் வளர்ந்தவள், விசிறியால் வாயை மறைத்துக்கொண்டு சிரித்தாள். "மிதிக்காம எடுத்திருந்தா நான் எழுந்து வீட்டுக்குப் போயிருப்பேன்" என்றாள். இரண்டாம் டேக் எடுத்தார்கள். தாள் விழவில்லை. ‘வரமாட்டார்’ அழாமல் வந்தது. வண்டி வரி வரும்போது ஒளியமைப்புக்காரன் ஒருவன் ஏணிமேல் அசையாமல் நின்றதை சோவா ஓரக்கண்ணால் பார்த்தார். வீட்டுக்குப் போய் அதைத்தான் முதலில் சொன்னார்.

கிறிஸ்துமஸ் வந்தது. பக்கத்து வீட்டு கெனோவெஃபாவிடம் லெயோகாதியா விஷயத்தைச் சொல்லிவிட்டாள். அதாவது கட்டடம் முழுக்கத் தெரிந்துவிட்டது. ரொட்டிக்கடைக்காரர் சோவாவுக்குத் தொப்பியைத் தூக்க ஆரம்பித்தார்.

ஜனவரியில் மூன்று அரசர் திருநாள் முடிந்து வந்த செவ்வாய்க்கிழமை, அதற்காக வாசற்கதவில் எழுதிய சாக்கட்டி எழுத்து இன்னும் அழியாதிருந்தபோது, கண் ஆஸ்பத்திரியில் அவளுக்கு முறை வந்தது. இரண்டு மாதம் காத்துக் கிடைத்த நாள். "நீ காப்பிக்கடைக்குப் போ, கெனோவெஃபா என்னைக் கூட்டிட்டுப் போவா" என்றாள். "ஒரு நாள் போகலைன்னா கடையைத் தூக்கிட்டா போயிடுவாங்க?" என்று சோவா அவளுடைய பூட்ஸ் கயிற்றைக் கட்டிவிட்டார். காலை எட்டு மணிக்கு பெஞ்சில் உட்கார்ந்தார்கள். மூன்று மணிக்குக் கூப்பிட்டார்கள். டாக்டர் நல்ல மனிதர், வளவளவென்று பேசவில்லை. அறுவை செய்து பயனில்லை, கோடைக்குள் வெளிச்சமும் போய்விடும் என்றார். டிராமில் திரும்பும்போது லெயோகாதியா அழவில்லை. "படம் எப்போ வருதாம்?" என்று மட்டும் கேட்டாள்.

நான்கு நாள் அவர் அவளை விட்டு அசையவில்லை என்று சொல்ல ஆசைதான். அப்படியெல்லாம் இல்லை, புதன்கிழமையே காப்பிக்கடைக்குப் போய்விட்டார். போகாமல் இருக்க அவரால் முடியாது.

"நேத்து எங்கே தொலைஞ்சீங்க?" என்று மெலானியா அம்மாள் எழுந்தே நின்றுவிட்டாள். "ஸ்டுடியோலேருந்து மூணு தடவை போன். உங்க குரல் வேணுமாம், உடனே அனுப்புன்னு கத்துறாங்க. உங்க வீடு எங்கேன்னு எனக்குத் தெரியுமா? ப்ராகாவில எந்தச் சந்துன்னு தேடுவேன்?"

கதை முழுவதையும் கொர்னெல்தான் சொன்னான். கேளிக்கை அரங்கில் பாடுகிற வாலிபன், கெட்டவன் இல்லை. சோவாவின் மேஜைக்குத் தானாகவே வந்து உட்கார்ந்தான்.

"வாத்தியாரே, கோவிச்சுக்காதீங்க, நேத்து உங்க வாயை இரவல் வாங்கிட்டேன். அந்த மிதி மிதிச்சீங்களே, அதைத் திரையில போட்டுப் பார்த்துட்டு சுலிமா துள்ளிக் குதிச்சுட்டார். கிழவன் சாவுச் சேதியையே காலால மிதிக்கிறான்யா, இதை எழுதி நடிக்க வைக்க முடியாதுன்னாரு. ரெண்டாவது டேக்கைத் தூக்கிப் போட்டுட்டு முதலாவதையே வெச்சுக்கிட்டாங்க. ஆனா அதுல நீங்க வசனம் பேசலையே, ‘அடச் சே’ன்னுல்ல சொன்னீங்க. குனிஞ்ச முதுகுமேல வசனத்தை ஒட்டிடலாம்னு உங்களைத் தேடினாங்க. ஆள் கிடைக்கல. குரல் பதியிற மெஷினை வாடகைக்கு எடுத்தது அந்த ஒரு நாளுக்குத்தான். நான் பாட்டுப் பதிய அங்கே போயிருந்தேன். நீ சொல்லுடான்னாங்க, சொன்னேன்."

"எப்படிச் சொன்னே?" என்றார் சோவா.

கொர்னெல் சொல்லிக் காட்டினான். இளமையான, வழவழப்பான குரல். மேடையில் நாங்கள் நாக்கைப் பல்லில் அழுத்திச் சொல்லும் கனத்த போலிஷ் ‘ல’, தெருவில் பேசுகிறவர்கள் வாயில் ‘வ’வாகக் கரைந்துவிடும், அவன் வாயிலும் அப்படித்தான் கரைந்தது. மற்றபடி குறை சொல்ல முடியாது.

"நல்லாத்தான் இருக்கு" என்றார் சோவா. "‘வரமாட்டார்’ல அழுதிருக்க வேண்டாம்."

அன்று வீட்டுக்குப் போகும் வழியில் பாலத்தின் நடுவில் நின்று யோசித்தார். தன் குரல் போனது அவருக்கு வலித்தது, மாரடைக்க வலித்தது. ஆனாலும் அது அவருடைய வலி, எப்படியாவது தாங்கிக்கொள்வார். பயம் வேறு. இதை லோஜாவிடம் சொன்னால் அவள் முதலில் கேட்கப் போவது, எந்த நாள் என்பதைத்தான். தன் கண்ணைக் காட்டப் போன நாளில், தனக்காகத்தான் அந்தக் குரல் போயிற்று என்று தெரிந்தால், மிச்சமிருக்கும் வெளிச்சத்தையும் அவள் அதை நினைத்தே தீர்த்துவிடுவாள். நாள் மட்டும் அவளுக்குத் தெரியக் கூடாது. வேறு எது தெரிந்தாலும் பரவாயில்லை.

படம் பிப்ரவரி கடைசியில் நகரத்தின் நடுவில் பெரிய தியேட்டரில் வந்தது. ஒரு பத்திரிகை காரியஸ்தரின் மிதியைப் பாராட்டி ஒரு வரி எழுதியது. பெயரை ‘சாவா’ என்று அச்சிட்டிருந்தது. கெனோவெஃபா அதைச் சத்தம் போட்டு வாசித்துக் காட்டினாள். சோவா சாக்குப்போக்குச் சொல்லித் தள்ளிப்போட்டார். அங்கே கூட்டம், இப்போது தவக்காலம், எனக்குச் சளி, உனக்கு இருமல். ஈஸ்டரும் போயிற்று. படம் தேய்ந்துபோய்க் கடைசியில் ப்ராகாவின் மூட்டைப்பூச்சி தியேட்டருக்கே வந்துவிட்டது. இனி எந்தச் சாக்கும் மிச்சமில்லை. லெயோகாதியாவுக்கு இப்போது ஜன்னல் எங்கே இருக்கிறது என்பது மட்டும்தான் தெரிந்தது.

ஞாயிற்றுக்கிழமை மதிய ஆட்டத்துக்கு மழையில் மூன்று பேரும் போனார்கள். லெயோகாதியா கல்யாணத்துக்கு வாங்கிய ப்ரூச்சைக் குத்திக்கொண்டிருந்தாள். டிக்கெட்டைத் தானே வாங்க வேண்டுமென்று பிடிவாதம் பிடித்து, கவுன்டர் கம்பியைத் தடவித் தடவி வாங்கினாள். வாங்கியதை உள்ளங்கையில் மடித்து வைத்துக்கொண்டாள். நடுவில் அவள், இந்தப் பக்கம் சோவா, அந்தப் பக்கம் கெனோவெஃபா. சுற்றிலும் பூசணி விதை கொறிக்கும் சத்தம், ஈரக் கோட்டு நாற்றம். விதை கொறித்த முன்வரிசைக்காரனின் தோளில் லெயோகாதியா தட்டினாள்.

"தம்பி, வாயை மூடிட்டு மெல்லுங்க. என் வீட்டுக்காரர் பேசப் போறார்."

"அவர் எங்கே பேசப் போறார்?"

"திரையிலதான். வேற எங்கே?"

அவன் திரும்பிப் பார்த்துவிட்டு விதைப் பொட்டலத்தை மடித்தான். சோவாவுக்கு நாற்காலிக்கு அடியில் புகுந்துவிடலாம் போலிருந்தது. இப்போதாவது சொல்லிவிடலாமா என்று நினைத்தார்.

நாற்பதாவது நிமிஷம் திரையில் கதவு திறந்தது. "வந்துட்டார், வந்துட்டார்!" என்றாள் கெனோவெஃபா. லெயோகாதியா சோவாவின் கையைப் பற்றினாள். அவர் நாலடி நடக்கும் சத்தம் கேட்டது. அவள் உதடு தன்னையறியாமல் "சீமாட்டி" என்று ஊதியது. இருபத்தெட்டு வருஷப் பழக்கம். அப்போது தாள் விழுந்து, ‘தொம்’ என்று அந்த மிதி. கொட்டகையில் யாரோ மூச்சை உள்ளுக்கிழுத்தார்கள். லெயோகாதியாவின் முகம் மலர்ந்துவிட்டது. அந்தப் பூட்ஸை அவளுக்குத் தெரியும். சோவாவின் விரல்களை நெரித்தாள். ‘நீதான்’ என்று சொல்லும் நெரிப்பு.

"சீமாட்டி, சின்ன எஜமான் இனி வரமாட்டார்" என்றான் கொர்னெல். "வண்டியைத் திரும்பிப் போகச் சொல்லட்டுமா?"

அவள் கையை எடுக்கவில்லை. நெரிப்பு மட்டும் தளர்ந்தது. படம் முடியும்வரை அந்தக் கை அவர் கையில் கனத்துக் கிடந்தது.

வெளியே வந்ததும் கெனோவெஃபா மூக்கைச் சிந்திக்கொண்டு, "என்ன குரல் ஐயா உங்களுக்கு! வாலிபப் பையன் மாதிரி!" என்றாள்.

"ஆமா, நல்ல குரல்" என்றாள் லெயோகாதியா.

வீட்டில் அவர் அடுப்பில் கரி போட்டார். அவள் கோட்டைக் கழற்றாமலே சமையலறை நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். ஜன்னலில் பொழுது சாய்ந்துகொண்டிருந்தது.

"யார் அது?" என்றாள்.

அவர் இதற்காக மூன்று மாதம் ஒத்திகை பார்த்திருந்தார்.

"கொர்னெல்னு ஒரு பையன், பாட்டுக்காரன்" என்று லேசாகச் சிரித்தார். சிரிப்பைச் சரியான இடத்தில் வைத்தார். "என் குரல் எடுபடலை லோஜா. மேடைக்கு வேற, மைக்குக்கு வேறயாம். மெஷின்ல கேட்டா ஓட்டைப் பானையைத் தட்டின மாதிரி இருக்குன்னு ஒலிப்பதிவுக்காரன் சொல்லிட்டான். உன்கிட்ட சொல்ல வெக்கமா இருந்துச்சு."

"எந்த மடையன் சொன்னான்?"

"ஜெர்மனியில படிச்சவன். மடையனா இருக்க மாட்டான்."

அவள் ப்ரூச்சைக் கழற்றி மேஜைமேல் வைத்தாள். நம்பிவிட்டாள் என்று சோவா நினைத்தார். அவமானமும் நிம்மதியும் கலந்து வந்தது.

"அடுப்புப் பக்கம் போய் நில்லு" என்றாள். "சொல்லு."

"என்னத்தச் சொல்ல?"

"வசனத்தை. நான் டிக்கெட் வாங்கியிருக்கேன். இன்னும் கையிலதான் இருக்கு. வசனம் மறந்தா எடுத்துக் குடுக்க மாட்டேன், சொல்லிட்டேன்."

அவர் அடுப்போரம் போனார். நாலடி நடந்து வந்து நின்றார். தொண்டையைச் செருமவில்லை. "சீமாட்டி, சின்ன எஜமான் இனி வரமாட்டார்" என்றார். நிறுத்தினார். "வண்டியைத் திரும்பிப் போகச் சொல்லட்டுமா?"

அவள் உதடு அசையவில்லை. அவர் பேசும்போது அவள் உதடு அசையாமல் இருந்ததை அவர் பார்த்தது இதுதான் முதல் தடவை. ஜன்னல் பக்கமாக முகத்தைத் திருப்பிக் கேட்டுக்கொண்டிருந்தாள். கண்ணிலிருந்து தண்ணீர் அதுபாட்டுக்கு இறங்கியது. அவள் துடைக்கவில்லை.

"இப்படியா இருக்கும் உன் குரல்?" என்றாள். "நான் கேட்டதே இல்லையே கயெத்தன். எனக்கு உடம்பெல்லாம் நடுங்குது பாரு."

முப்பது வருஷத்தில் எந்த ஊர் ஜனமும் அவரை இப்படிப் பாராட்டியதில்லை. அவள் அருகில் போய் மண்டியிடப் போனார்.

"பொய் சொல்றே நீ" என்றாள் அவள்.

அவர் நின்றார்.

"இந்தக் குரலை வேண்டாம்னு எவனும் சொல்லியிருக்க மாட்டான். ஜெர்மனியில படிச்சவனும் சொல்லியிருக்க மாட்டான். உன்னைக் கூப்பிட்டிருக்காங்க. நீ போகல." கையிலிருந்த டிக்கெட்டை இரண்டாக மடித்தாள், நாலாக மடித்தாள். "நீயா போகாம இருக்கிறவன்? ஷூட்டிங்குக்கு அப்புறம் இந்தக் குளிர்காலம் பூரா அந்தக் கடைக்கு நீ போகாத நாள் ஒண்ணே ஒண்ணுதான் கயெத்தன்."

"லோஜா..."

"செவ்வாய்க்கிழமையா?"

சொல்ல வேண்டியது ஒரே ஒரு சொல். ‘இல்லை’ என்று சொன்னால் போதும். அதைச் சொல்லத்தான் சோவா வாயைத் திறந்தார்; எப்படிச் சொல்ல வேண்டும், எங்கே சிரிக்க வேண்டும் என்பதெல்லாம் அவருக்குத் தெரிந்திருந்தது. அந்தச் சொல் வரவில்லை. என்ன சொல்ல வேண்டுமென்று அவளுக்கும் தெரியும். நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்து, உதட்டை இறுக்கி மூடிக்கொண்டு, அவள் காத்திருந்தாள், எடுத்துக் கொடுக்கவில்லை.